டான் ஆல்பர்ட்: டெக்சஸ் சாலைகளில் ஒரு டிரம்பெட்காரர்

கேள்வி இது: பிக் பேண்ட் எனப்படும் பெரிய ஜாஸ் நடனக் குழுக்களின் காலத்தைப் பற்றி எங்கே படித்தாலும் டியூக் எல்லிங்டன், கவுண்ட் பேசி, பென்னி குட்மன் என்று நாலைந்து பெயர்களே திரும்பத் திரும்ப வருகின்றன. ஒரு வட்டாரத்துக்குள்ளேயே சுற்றிக்கொண்டிருந்த பேண்டுகளும் நிறைய இருந்தனவாமே? அப்படி ஒரு பேண்டை நடத்திய டிரம்பெட் கலைஞரின் தொழில் வாழ்க்கை எப்படி இருந்திருக்கும்? அவர்களால் ஏன் மேலே வர முடியவில்லை?

அந்தக் கடைசி வரியோடு எனக்குக் கொஞ்சம் சண்டை இருக்கிறது. அதை அப்புறம் பார்ப்போம். பொதுவாகச் சொல்லிக்கொண்டு போனால் ஒன்றும் பிடிபடாது என்பதால் ஒரே ஒரு ஆளை எடுத்துக்கொள்கிறேன். பெயர் டான் ஆல்பர்ட். டெக்சஸ் மாநிலத்தின் சான் அன்டோனியோ நகரத்தைத் தளமாக வைத்துக்கொண்டு 1929 முதல் சுமார் பத்து வருடம் பேண்ட் நடத்தியவர். ஜாஸ் கேட்பவர்களிலேயே பலருக்கு இந்தப் பெயர் தெரியாது. ஆனால் அந்தக் காலத்து டெக்சஸில் நடன மண்டபம் வைத்திருந்த ஒருவரிடம் கேட்டிருந்தால், எல்லிங்டனை ரேடியோவில் கேட்டிருக்கிறேன், ஆல்பர்ட்டுக்குத்தான் அச்சாரம் கொடுத்திருக்கிறேன் என்றிருப்பார்.

அவருடைய இயற்பெயர் ஆல்பர்ட் டொமினிக். 1908-ல் நியூ ஆர்லியன்ஸில் ஒரு கிரியோல் குடும்பத்தில் பிறந்தார். கிரியோல் என்றால் ஆப்பிரிக்க, ஐரோப்பிய வம்சம் கலந்த, பிரெஞ்சு பேசிய, கத்தோலிக்கக் குடும்பங்கள். கொத்து வேலை, பூச்சு வேலை, சுருட்டு சுற்றுவது என்று ஏதாவது ஒரு கைத்தொழில் வீட்டில் இருக்கும். கூடவே இசையும் இருக்கும். இவருடைய சிற்றப்பா முறை நாட்டி டொமினிக்கும் டிரம்பெட்காரர்தான்; பிற்பாடு சிகாகோ போய் கிளாரினெட் கலைஞர் ஜானி டாட்ஸோடு வாசித்துப் பெயர் வாங்கினார். அவரும் சுருட்டு சுற்றியவர். எல்லிங்டன் குழுவில் பல வருடம் கிளாரினெட் வாசித்த பார்னி பிகார்டும் அந்த உறவு வட்டத்தைச் சேர்ந்தவரே.

கிரியோல் வாத்தியார்களின் பாடமுறை ஒன்று உண்டு. கருவியைக் கையில் கொடுப்பதற்கு முன் மாணவன் காகிதத்தில் இருக்கும் ஸ்வரங்களை வாயால் பாடிக் காட்ட வேண்டும், தாளம் கையில் போட வேண்டும். நம் ஊரில் சரளி வரிசை முடிக்காமல் கீர்த்தனைக்கு விடமாட்டார்களே, அது மாதிரி. சின்ன விஷயமாகத் தோன்றும். ஆனால் ஆல்பர்ட்டின் பிற்கால வாழ்க்கைக்கு இதுதான் முதல் என்று நினைக்கிறேன். நன்றாக ஊதுகிறவர்கள் தெற்கில் ஏராளம் பேர் இருந்தார்கள். நன்றாக ஊதவும், எழுதி வைத்ததைப் பார்த்த மாத்திரத்தில் வாசிக்கவும் தெரிந்த பத்துப் பேரை ஒரே ஊரில் திரட்ட முடிந்த இடம் நியூ ஆர்லியன்ஸ். அந்த ஊர் ஆட்களை அவருக்குச் சின்ன வயதிலிருந்தே தெரியும்.

1926 வாக்கில், பதினெட்டு வயதில், டெக்சஸுக்குப் போய் ட்ராய் ஃபிளாய்ட் என்பவரின் பேண்டில் சேர்ந்தார். சான் அன்டோனியோவுக்கு வெளியே ஷேடோலேண்ட் என்று ஒரு கிளப் இருந்தது. அமெரிக்காவில் அப்போது மதுவிலக்கு. அதனாலேயே ஊருக்கு வெளியே இருக்கும் கிளப்புகளுக்கு நல்ல வியாபாரம். வாடிக்கையாளர்கள் வெள்ளையர்கள் மட்டும், வாசிப்பவர்கள் கறுப்பர்கள். ஃபிளாய்ட் பேண்ட் அந்தக் கிளப்பின் பெயரிலேயே 1928-ல் ஒரு ப்ளூஸ் பதிவு செய்தது. 1929-ல் ட்ரீம்லேண்ட் ப்ளூஸ் என்று இன்னொன்று. இரண்டுமே ஓர் இசைத்தட்டின் இரண்டு பக்கத்தையும் அடைத்துக்கொண்ட நீளமான உருப்படிகள். இருபது வயது ஆல்பர்ட் ஊதுவது அவற்றில் இருக்கிறது. ட்ரீம்லேண்டில் டெனர் சாக்ஸபோன் வாசித்த பையன் ஹெர்ஷல் எவன்ஸ், பின்னால் கவுண்ட் பேசி குழுவின் தூண்களில் ஒருவரானார். வட்டார பேண்ட் என்றால் மட்டமான பேண்ட் என்று நினைப்பவர்களுக்கு நான் முதலில் கேட்கச் சொல்வது இந்தப் பதிவைத்தான்.

1929-ல் ஆல்பர்ட் தனியாக வந்தார். நியூ ஆர்லியன்ஸுக்குத் திரும்பி, ஆள் பொறுக்கி, 'டான் ஆல்பர்ட்டும் அவருடைய பத்துத் தோழர்களும்' என்ற பெயரில் ஒரு குழுவைச் சேர்த்துக்கொண்டு மறுபடி டெக்சஸுக்கு வந்தார். டாலஸில் நடக்கும் டெக்சஸ் மாநிலக் கண்காட்சியில் அரங்கேற்றம். பிறகு பழைய ஷேடோலேண்டிலேயே தங்கல். அதே இலையுதிர்காலத்தில்தான் நியூயார்க் பங்குச் சந்தை சரிந்து நாடே கவிழ்ந்தது. புதுக் கடை திறக்க அதைவிட மோசமான முகூர்த்தம் கிடைக்காது.

இங்கே வட்டார பேண்ட் என்பதைக் கொஞ்சம் விளக்கிவிடுகிறேன். ஆங்கிலத்தில் டெரிட்டரி பேண்ட் என்பார்கள். ஒரு நகரம் தளம். அதைச் சுற்றி ஒரு ராத்திரி வண்டி ஓட்டினால் போய்ச் சேரக்கூடிய ஊர்களெல்லாம் அந்தக் குழுவின் எல்லை. டாலஸில் அல்ஃபோன்ஸோ ட்ரெண்ட், கன்சாஸ் சிட்டியில் பென்னி மோட்டன், ஓக்லஹோமா சிட்டியில் ப்ளூ டெவில்ஸ், ஒமாஹாவில் நாட் டவுல்ஸ் என்று ஆளுக்கொரு பகுதி. பாளையப்பட்டு மாதிரி. உள்ளூர் ரேடியோ நிலையம் ஒன்று கிடைத்தால் எல்லை விரியும். டாலஸின் அடால்ஃபஸ் ஹோட்டலில் ட்ரெண்ட் வாசித்ததை டபிள்யூ.எஃப்.ஏ.ஏ. நிலையம் ஒலிபரப்பியது, கறுப்பர்களைத் தங்கவே அனுமதிக்காத ஹோட்டலில் ஒரு கறுப்பர் குழு மாதக்கணக்கில் வாசித்தது அப்போது பெரிய செய்தி.

டெக்சஸில் 'ஒரு ராத்திரி தூரம்' என்பது லேசுப்பட்டதல்ல. சான் அன்டோனியோவிலிருந்து டாலஸ் சுமார் 440 கிலோமீட்டர். எல் பாஸோ என்றால் 880-க்குக் குறையாது. இன்றைய சாலை இல்லை, இன்றைய வண்டியும் இல்லை. இரவு ஒன்பதுக்கு ஆரம்பித்து ஒரு மணி, இரண்டு மணி வரை நடனத்துக்கு வாசித்துவிட்டு, கருவிகளைக் கட்டி ஏற்றி, வண்டியிலேயே தூங்கி, மறுநாள் மத்தியானம் அடுத்த ஊரில் இறங்க வேண்டும். இறங்கினாலும் ஹோட்டலில் அறை கிடையாது. ஒவ்வொரு ஊரிலும் கறுப்பர் குடியிருப்பில் வாடகைக்கு அறை விடும் வீடுகள் எவை, அந்த நேரத்தில் சோறு போடும் அம்மா யார், எந்தப் பெட்ரோல் நிலையத்தில் கழிப்பறையைப் பயன்படுத்த விடுவார்கள் என்பதெல்லாம் குழுத் தலைவரின் தலைக்குள் இருக்க வேண்டிய கணக்கு. கறுப்புப் பயணிகளுக்கென்று கிரீன் புக் என்ற வழிகாட்டி வெளிவரத் தொடங்கியதே 1936-ல்தான். அதற்கு முன்பு எல்லாம் வாய்மொழி. கிரியோல் குழுக்களில் நிறம் வெளுத்த ஒருவர் தனியாக உள்ளே போய் எல்லோருக்கும் சாப்பாடு வாங்கி வருவதும் உண்டு.

சம்பாத்தியம்? நடன மண்டபக்காரர் ஒரு குறைந்தபட்சத் தொகைக்கு உறுதி சொல்வார். அதற்கு மேல் வாசல் வசூலில் பங்கு. மழை பெய்தால், பருத்தி விலை இறங்கினால், பக்கத்து ஊரில் இன்னொரு பேண்ட் இறங்கிவிட்டால் பங்கு காற்றில் போகும். சில சமயம் உறுதி சொன்ன தொகையும் சேர்ந்து போகும். மண்டபக்காரர் கல்லாப்பெட்டியோடு பின்வாசல் வழியாகக் கிளம்பிய கதைகள் இந்தத் தொழிலில் ஏராளம். ஜூன் 19, அதாவது டெக்சஸ் அடிமைகளுக்கு 1865-ல் விடுதலை அறிவிக்கப்பட்ட நாள், அங்கே கறுப்பர்களின் திருநாள். அன்றைக்கு எந்த பேண்டும் சும்மா இருக்காது. அதுபோன்ற சில நாட்களின் வருமானம்தான் வறண்ட வாரங்களைத் தாங்கியது.

வரும் பணத்தை எப்படிப் பிரிப்பது என்பதில் இரண்டு கட்சி. ப்ளூ டெவில்ஸ் கூட்டுறவு முறை: எல்லோருக்கும் சம பங்கு, எல்லோருக்கும் சம வாக்கு. கேட்க அழகாக இருக்கிறது. 1933-ல் ஊர் திரும்பக் காசில்லாமல் கிழக்கே மாட்டிக்கொண்டு அந்தக் குழு கலைந்தது. லெஸ்டர் யங் என்ற மேதை அதில் இருந்தும் கலைந்தது. மற்றது, தலைவரே முதலாளி. வண்டி, சீருடை, அரேஞ்ச்மெண்ட், அதாவது யார் எதை எப்போது வாசிப்பது என்று எழுதும் கூலி, எல்லாம் அவர் தலையில், மற்றவர்களுக்குச் சம்பளம். ஆல்பர்ட் இந்த இரண்டாவது கட்சி.

இப்போது டிரம்பெட்டுக்கு வருகிறேன். உங்கள் கேள்வியில் எனக்குப் பிடித்த பகுதி இது.

ஆல்பர்ட் பேண்ட் பெரிதாகப் பெரிதாக அவர் தானே ஊதுவது குறைந்துகொண்டே போனது. முப்பதுகளில் அவர் பெரும்பாலும் முன்னால் நின்று குழுவை நடத்துபவர். டிரம்பெட் வரிசையில் ஆல்வின் ஆல்கார்ன், பில்லி டக்லஸ் போன்றவர்கள் உட்கார்ந்துவிட்டார்கள். இதைச் சோகக் கதையாகச் சொல்பவர்கள் உண்டு. நான் பள்ளிக்கூட பேண்டில் இரண்டு வருடம் டிரம்பெட் ஊதியவன். அதில் கிடைத்த அறிவை வைத்துச் சொல்கிறேன், அவருக்கு வேறு வழி இருந்திருக்காது.

டிரம்பெட்டில் மூன்றே மூன்று வால்வுகள். அவற்றை அழுத்தும் விதத்தில் ஏழு வகைக் குழாய் நீளம் கிடைக்கும். மற்றதெல்லாம் உதடு. ஒரே விரல் அமைப்பில் கீழ் ஸ்வரம் வருவதா, அதற்கு மேல் ஐந்தாவது வருவதா, அதற்கும் மேல் வருவதா என்பதைத் தீர்மானிப்பது வாயோரத் தசைகளின் இறுக்கமும் மூச்சின் வேகமும். அந்தத் தசை ஒரு மல்யுத்தக்காரனின் தொடை மாதிரி. தினமும் வேலை கொடுத்தால் நிற்கும். கோடை விடுமுறை முடிந்து போய் முதல் நாள் ஊதினால் அரை மணி நேரத்தில் உதடு மரத்துவிடும், மேல் ஸ்வரங்கள் காற்றாகப் போகும், மறுநாள் வாயில் வளையம் வளையமாகத் தடம். பியானோக்காரரான எல்லிங்டன் ஒரு வாரம் ரயிலில் வியாபாரக் கடிதம் எழுதிக்கொண்டு வந்தாலும் மேடையில் உட்கார்ந்து சமாளித்துவிடலாம். டிரம்பெட்காரருக்கு அந்த வசதி கிடையாது. பகலெல்லாம் மண்டபக்காரரோடு பேரம், டயர் பஞ்சர், சம்பளப் பட்டியல் என்று ஓடிவிட்டு, ராத்திரி நாலு மணி நேரம் முதல் டிரம்பெட் ஊதுவது எல்லோராலும் ஆகாது. முதல் டிரம்பெட் என்பவர் மொத்த குழுவின் மேல் கோட்டை இழுப்பவர். அங்கே ஒரு ஸ்வரம் தளர்ந்தால் சாக்ஸபோன் வரிசை எவ்வளவு நன்றாக வாசித்தும் பிரயோஜனமில்லை.

லூயி ஆம்ஸ்ட்ராங் இரண்டும் செய்தாரே என்று கேட்கலாம். ஆம்ஸ்ட்ராங் வியாபாரத்தைக் கையால் தொடவில்லை. 1935-லிருந்து ஜோ கிளேஸர் என்ற மேலாளர் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டார், அவர் ஊதினார். ஆல்பர்ட்டுக்கு ஆல்பர்ட்டே கிளேஸர்.

அதனால் அவருடைய திறமையை அவர் ஊதியதை வைத்து மட்டும் அளக்கக்கூடாது. யாரை வைத்திருந்தார், எத்தனை காலம் வைத்திருந்தார் என்பதையும் பார்க்க வேண்டும். லூயி காட்ரெல் என்ற கிளாரினெட், டெனர் கலைஞர் கிட்டத்தட்ட பேண்டின் முழு ஆயுளும் கூடவே இருந்தார். ஹெர்ப் ஹாலும் அப்படித்தான். பேர்போன கிளாரினெட் கலைஞர் எட்மண்ட் ஹாலின் தம்பி. ஆள் பிடிப்பு என்பது இந்தத் தொழிலின் பெரிய வியாதி. பத்து டாலர் அதிகம் என்று பக்கத்து பேண்ட் சொன்னால் ராத்திரியோடு ராத்திரியாகப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய்விடுவார்கள். மந்த காலத்தில், அந்தச் சாலைகளில், ஒரு கூட்டத்தைப் பல வருடம் கலையாமல் வைத்திருக்க இசை மட்டும் போதாது. சம்பளம் சொன்ன நாளில் வந்திருக்க வேண்டும்.

பியானோவில் லாயிட் க்ளென். சான் அன்டோனியோக்காரர். பேண்டின் முக்கிய அரேஞ்சரும் அவர்தான். அரேஞ்சர் என்ன செய்கிறார் என்று தெரியாதவர்களுக்கு: மூன்று டிரம்பெட், இரண்டு டிரம்போன், மூன்று நாலு சாக்ஸபோன், பின்னால் பியானோ, கிட்டார், பாஸ், டிரம்ஸ். இத்தனை பேரும் தோன்றியதை வாசித்தால் சந்தைக்கடை. எந்த வரிசை எப்போது மெட்டை எடுக்கும், எது பின்னால் இருந்து குத்தும், எங்கே ஒருவர் எழுந்து தனி ஆவர்த்தனம் செய்வார், அப்போது மற்றவர்கள் எந்த அளவுக்கு அடங்குவார்கள் என்று எழுதித் தருபவர் அரேஞ்சர். கடையில் அச்சடித்த அரேஞ்ச்மெண்டும் மலிவாகக் கிடைக்கும். ஆனால் அதை எல்லா பேண்டும் வாங்கும், எல்லா பேண்டும் ஒரே மாதிரி ஒலிக்கும். சொந்தமாக எழுதுபவர் ஒருவர் உள்ளேயே இருப்பது சொந்தக் கிணறு இருப்பது போல.

பெயர்ப்பலகை விஷயம் ஒன்று. ஆல்பர்ட் தன் குழுவை 'அமெரிக்காவின் தலைசிறந்த ஸ்விங் பேண்ட்' என்று விளம்பரம் செய்தார். ஸ்விங் என்பது ஆடத் தூண்டும் பெரிய குழு ஜாஸ் பாணி. அந்தச் சொல்லைக் குழுவின் பெயரோடு ஒட்டிக்கொண்ட முதல் சிலரில் அவர் ஒருவர். பென்னி குட்மன் 1935 ஆகஸ்டில் லாஸ் ஏஞ்சலஸ் பாலோமார் அரங்கத்தில் கூட்டத்தைக் கிளப்பியதை ஸ்விங் யுகத்தின் பிறந்தநாள் என்று பாடப்புத்தகங்கள் போடும். டெக்சஸ் சுவரொட்டிகளுக்கு அந்தச் சொல் அதற்கு முன்பே பழக்கம். 'தலைசிறந்த' என்பது சுவரொட்டி பாஷை, அதை விட்டுவிடுவோம்.

சரி, ஒலிப்பதிவு. மொத்த பேண்டும் கேட்கக் கிடைப்பது எட்டே எட்டுப் பாட்டு. 1936 நவம்பர் 18, சான் அன்டோனியோ, வொக்காலியன் நிறுவனத்துக்காக. ஒரே நாளில் எட்டும் முடிந்தது. ஒலிப்பதிவுக் கம்பெனிகள் நியூயார்க்கிலும் சிகாகோவிலும் இருந்தன. தெற்கே வருடத்துக்கு ஓரிரு தடவை கருவிகளைத் தூக்கிக்கொண்டு ஒரு குழுவை அனுப்புவார்கள். வந்தவர்கள் சில நாள் ஓர் இடத்தில் கடை விரித்து அந்தப் பக்கத்துக் கலைஞர்களை வரிசையாகக் கூப்பிட்டுப் பதிந்துகொண்டு போவார்கள். ஆல்பர்ட் பேண்ட் பதிந்து ஐந்து நாள் கழித்து, நவம்பர் 23-ம் தேதி, அதே ஊரில் அதே கம்பெனிக்குத் தன் முதல் பாட்டுகளைப் பதிய ஒரு கிட்டார்க்காரப் பையன் வந்தான். பெயர் ராபர்ட் ஜான்சன். இன்று உலகமே கும்பிடும் ப்ளூஸ் பதிவுகள் அவை. இந்தத் தற்செயலை நினைத்தால் எனக்கு இன்றும் ஆச்சரியம்தான்.

பத்து அங்குலத் தட்டில் ஒரு பக்கத்துக்கு மூன்று நிமிடம், கொஞ்சம் முன்னே பின்னே. நடன மண்டபத்தில் அதே உருப்படி பத்து நிமிடம் ஓடும். ஜோடிகள் சுற்றச் சுற்றத் தனி ஆவர்த்தனங்கள் நீண்டுகொண்டே போகும். அதை மூன்று நிமிடத்துக்கு வெட்ட வேண்டும். இன்றைக்குப் போலப் பிசிறை எடுத்து ஒட்டுகிற வேலை கிடையாது. மெழுகில் ஊசி கீறிக்கொண்டே போகும், இரண்டாவது நிமிடத்தில் யாராவது தவறினால் முழுசும் குப்பை. எட்டில் ஷேக் ஆஃப் அரபி, லைஸா போன்ற ஊரறிந்த பாட்டுகளும் உண்டு, ராக்கின் அண்ட் ஸ்விங்கின் போன்ற பேண்டின் சொந்தச் சரக்கும் உண்டு. நீங்கள் சொந்தச் சரக்கிலிருந்து தொடங்குங்கள். சாக்ஸபோன் வரிசை மூச்சு விடும் இடத்தைக் கவனியுங்கள், எல்லோரும் சேர்ந்து விடுவார்கள். அது ஒத்திகை அறையில் வருவதில்லை. வாரத்துக்கு ஆறு ராத்திரி பல வருடம் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தவர்களுக்கு வருவது.

இனி, மேலே வருவது. அதே 1936 அக்டோபரில் கவுண்ட் பேசி கன்சாஸ் சிட்டியை விட்டுக் கிளம்பினார். ஜான் ஹாமண்ட் என்ற பணக்கார வீட்டு இசை ரசிகர் சிகாகோவில் தன் கார் ரேடியோவைத் திருப்பிக்கொண்டிருந்தபோது டபிள்யூ9எக்ஸ்பிஒய் என்ற சின்ன நிலையத்தில் பேசியின் குழு தற்செயலாக மாட்டியது. அதிலிருந்து தொடங்கியது பேசியின் யோகம். திறமை இல்லாமல் அந்த யோகம் பலித்திருக்காது. யோகம் இல்லாமல் அந்தத் திறமை கன்சாஸ் சிட்டியைத் தாண்டியிருக்குமா என்பது சந்தேகம். டெக்கா என்ற ஒலிப்பதிவு நிறுவனத்தோடு பேசி கையெழுத்துப் போட்ட ஒப்பந்தத்தையும் பாருங்கள்: வருடத்துக்கு 24 உருப்படி, 750 டாலர், ராயல்டி கிடையாது. மேலே ஏறிய ஏணியின் முதல் படி அது. டெக்சஸில் தன் வண்டியையும் தன் சம்பளப் பட்டியலையும் தானே வைத்துக்கொண்டு ஓடிய ஒருவர் அதைவிடக் கீழே இருந்தார் என்று நான் ஒப்புக்கொள்ளமாட்டேன். உங்கள் கேள்வியோடு என் சண்டை இவ்வளவுதான்.

ஆனால் அந்தத் தொழிலின் தரை நழுவிக்கொண்டிருந்தது என்பது உண்மை. முப்பதுகளின் பிற்பாதியில் நாடு முழுக்க ஒலிக்கும் ரேடியோ வலைப்பின்னல்களும், காசு போட்டால் பாடும் ஜூக்பாக்ஸும் சின்ன ஊருக்கும் குட்மனைக் கொண்டுவந்து சேர்த்துவிட்டன. நியூயார்க்கின் பெரிய ஏஜென்சிகள் பெயர்பெற்ற பேண்டுகளையே டெக்சஸ் வரை சுற்றுப்பயணம் அனுப்பின. 1940 வாக்கில் ஆல்பர்ட் பேண்டைக் கலைத்துவிட்டார். போருக்குப் போகும் ஆட்சேர்ப்பு, பெட்ரோல், டயர் ரேஷன் எல்லாம் வருவதற்கு முன்பே கடையை மூடியது கெட்டிக்காரத்தனம் என்றுதான் சொல்வேன். நீடித்தவர்கள் பட்ட பாட்டைப் பார்த்தால் தெரியும்.

1944-ல் சான் அன்டோனியோவில் கீஹோல் என்ற கிளப்பைத் திறந்தார். சாவித்துவாரம் என்று அர்த்தம். முதலில் ஊரின் கிழக்குப் பகுதியில். சில வருடம் கழித்து மேற்குப் பகுதியில் இன்னொரு கட்டடத்தில். கறுப்பர், வெள்ளையர், மெக்சிகன் வம்சாவளியினர் யார் வந்தாலும் ஒரே வாசல், ஒரே தளம். இருபது வருடத்துக்கு முன் ஷேடோலேண்டில் வெள்ளையர் மட்டுமே ஆடிய தளத்துக்கு ஊதிய அதே ஆள் இதைச் செய்தார். தெற்கில் அப்போது இப்படி இடம் மிக அரிது. ஊர் அதிகாரிகளுக்குப் பொறுக்கவில்லை. 1951-ல் போலீஸ் நெருக்கடி கொடுத்துக் கிளப்பை மூடவைக்கப் பார்த்தது. சாதாரணமாக இந்த இடத்தில் கறுப்பர் ஒருவர் பெட்டியைக் கட்டிவிடுவார் என்பதுதான் எல்லோருடைய கணக்கும். ஆல்பர்ட் வக்கீலை வைத்து, நகர அதிகாரிகள் மேலேயே வழக்குப் போட்டுத் தடையாணை வாங்கினார். மேல்முறையீட்டுக்குப் போனார்கள், அங்கேயும் அவர் பக்கமே நின்றது. பள்ளிகளில் நிறப் பாகுபாடு செல்லாது என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது 1954-ல். அதற்கு மூன்று வருடம் முன்பே இந்த டிரம்பெட்காரர் ஒரு கிளப் கதவைத் திறந்து வைத்திருக்கும் உரிமைக்காக நீதிமன்றப் படியேறினார். பேண்ட் நடத்திய காலத்தில் மண்டபக்காரர்களோடு ஒப்பந்தம் பேசிப் பழகிய வாய்க்கு இது வேறு மேடை, அவ்வளவுதான்.

பிற்காலத்தில் மறுபடி உதட்டைப் பழக்கி ஊதவும் செய்தார். 1962-ல் நியூ ஆர்லியன்ஸின் சவுத்லேண்ட் நிறுவனத்துக்கு ஒரு எல்.பி., அதாவது நீண்ட நேரம் ஓடும் இசைத்தட்டு, பதிந்தார். ஸ்விங் எல்லாம் ஓய்ந்து, பழைய நியூ ஆர்லியன்ஸ் பாணிக்கு ரசிகர்கள் திரும்பியிருந்த நேரம். 1980-ல் சான் அன்டோனியோவில் காலமானார்.

அவருடைய ஆட்கள் எங்கெங்கோ போனார்கள். லாயிட் க்ளென் கலிஃபோர்னியா போய் ப்ளூஸ் பாடகர் டி-போன் வாக்கரின் புகழ்பெற்ற ஸ்டார்மி மண்டே பதிவில் பியானோ வாசித்தார். 1951-ல் அவருடைய சொந்தத் தட்டு ஒன்று ரிதம் அண்ட் ப்ளூஸ் பட்டியலில் முதலிடம் பிடித்தது. காட்ரெல் நியூ ஆர்லியன்ஸின் கறுப்பு இசைக்கலைஞர் சங்கத்துக்குத் தலைவரானார். ஆல்வின் ஆல்கார்னை நீங்கள் பார்த்தே இருப்பீர்கள். 1973-ல் வந்த ஜேம்ஸ் பாண்ட் படத்தில், நியூ ஆர்லியன்ஸ் தெருவில் சவ ஊர்வலம் போகும்போது, இது யாருடைய சாவு என்று கேட்பவனைக் கத்தியால் குத்தும் அந்த அப்பாவி முகத்து மனிதர் அவர்தான்.

இன்னும் ஒருவர் பாக்கி. பேண்டில் பாஸ் வாசித்த ஜிம்மி ஜான்சன். மற்றவர்களைவிட ஒரு தலைமுறை மூத்தவர்; 1937-ல் இறந்தார். ஜாஸ் பிறந்த கதையைச் சொல்பவர்கள் எல்லோரும் முதலில் சொல்லும் பெயர் படி போல்டன். நியூ ஆர்லியன்ஸ் கார்னெட்காரர்; கார்னெட் என்பது டிரம்பெட்டின் நெருங்கிய உறவுக் கருவி. அவர் ஊதியது ஒரு நொடிகூட எங்கேயும் பதிவாகவில்லை. அவருடைய குழுவின் ஒரே ஒரு புகைப்படம் இருக்கிறது, 1905-ஐ ஒட்டி எடுத்தது. அதில் கார்னெட்டைக் கையில் வைத்துக்கொண்டு நிற்கும் போல்டனுக்குப் பக்கத்தில், ஆள் உயரப் பாஸைப் பிடித்துக்கொண்டு நிற்கும் இளைஞர்தான் இந்த ஜான்சன். 1936 நவம்பர் பதிவுகளைக் கேட்கும்போது சத்தத்தைக் கொஞ்சம் கூட்டி வையுங்கள். டிரம்பெட்டுகளுக்குக் கீழே, சரியாக அடிக்கு அடி, அந்த விரல்கள் கேட்கும். அந்த எட்டில் எதை வேண்டுமானாலும் போடலாம், நான் வழக்கமாக ஷேக் ஆஃப் அரபியில் ஆரம்பிப்பேன்.